தொழிலைத் துறத்தல் எப்போது அறமாகும்?



சென்ற அட்சய திருதியையன்று எங்கள் ஊர் ஜினாலயத்தில் ஆதிபகவனுக்கு அபிடேகமும் பூசனையும் இனிது நிறைவேறின. உலகோர் அந்நாளில் பொன் வாங்கக் கடைவாயிலில் நிற்கின்றனர். நமக்கோ அது, துறவு பூண்டு ஏறத்தாழ ஓராண்டுக் காலம் உணவின்றி இருந்த விருடபதேவருக்கு அத்தினாபுரத்தில் சிரேயாம்ச குமாரன் கருப்பஞ்சாறு அளித்து, தானநெறியை உலகிற்குத் தொடங்கி வைத்த திருநாள். பூசனைக்குப் பின்னர் அடியேன் பகவான் அரசு துறந்த வரலாற்றை ஸ்ரீபுராணத்திலிருந்து படித்து விளக்கினேன். கூட்டம் கலைந்தது. உறவுமுறையில் எனக்குத் தம்பியாகும் ஒருவரும் அவருடைய மகனும் மட்டும் மண்டபத்தில் தங்கி நின்றனர். மகனுக்கு வயது இருபத்தொன்பது. சென்னையில் கணிப்பொறி நிறுவனம் ஒன்றில் பணிபுரிபவர்.

"பெரியப்பா, நான் வேலையை விட்டுவிடப் போகிறேன். அது பாவம் என்கிறார் அப்பா. ஆதிநாதர் நாட்டையே விட்டார் என்று இப்போதுதான் நீங்கள் படித்தீர்கள். அவர் விட்டால் அறம், நான் விட்டால் பாவமா?" என்று அவர் கேட்டார்.

தந்தையோ, "அண்ணா, நீங்களே எடுத்துச் சொல்லுங்கள். நல்ல சம்பளம். வீட்டுக்கடன் இருக்கிறது, மனைக்கடன் இருக்கிறது. இவனை நம்பித்தானே எல்லாம்?" என்று கண் கலங்கினார்.

மகன் மேலும் சொன்னது என் நெஞ்சைத் தைத்தது. அமெரிக்க நாட்டின் பகற்பொழுதிற்கு ஏற்ப இவர் இங்கே இரவில் விழித்திருந்து பணிபுரிய வேண்டும். "ஐந்து ஆண்டுகளாக இரவில்தான் உண்கிறேன், பெரியப்பா. சதுர்த்தசி எப்போது வருகிறது, எப்போது போகிறது என்றே தெரியவில்லை. பாட்டி கற்றுக் கொடுத்த சாமாயிகம் மறந்து போயிற்று" என்றார்.

அன்று நான் சொன்ன விடை அரைகுறையானது. பின்னர் நூல்களை மீண்டும் புரட்டிக் கண்டவற்றையே இங்கு எழுதுகின்றேன். இவ்வினா உங்களில் பலருடைய இல்லங்களிலும் எழுந்திருக்கும். எழாதிருப்பின் இனி எழும்.

உலகெங்கும் எழுந்த வினா

இஃது ஓர் இளைஞரின் சோர்வு மட்டுமன்று. பெருந்தொற்றுக்குப் பின்னர், 2021ஆம் ஆண்டில், அமெரிக்க நாட்டில் தாமாகவே வேலையை விட்டு விலகிய நிகழ்வுகள் 4 கோடியே 70 இலட்சத்திற்கும் மேற்பட்டன. அந்நாட்டு அறிஞர் ஒருவர் அதற்குப் 'பெரும் பணிவிலகல்' என்று பொருள்படும் பெயரையே சூட்டினார். அவ்வாண்டில் விலகியவர்களைப் பியூ ஆய்வு மையம் வினவியபோது, ஊதியம் போதவில்லை என்றோர் 100க்கு 63 பேர்; உயர்வுக்கு வழியில்லை என்றோரும் 63 பேர்; பணியிடத்தில் மதிப்பில்லை என்றோர் 57 பேர். ஒருவரே பல காரணங்களைச் சொன்னதால் எண்கள் நூற்றைக் கடக்கின்றன.

இக்காரணங்களை ஊன்றி நோக்குமின். பொருள், உயர்வு, மதிப்பு என்னும் மூன்றும் கிடைக்காமையால் விலகினர். இவற்றை நாடுவது இல்லறத்தார்க்கு முற்றிலும் குற்றமென்று அடியேன் கூறவில்லை. உழைப்பவனை இழிவாக நடத்துவது நடத்துவோனுடைய பாவம். அதிலிருந்து விலகுவோனுடைய பாவமன்று. ஆயினும் ஒன்றைக் கருத வேண்டும். இம்மூன்றும் அடுத்த இடத்தில் கிடைத்தால் அவர்கள் அங்கே செல்வர். அது தொழிலைத் துறத்தல் ஆகாது. தொழிலை மாற்றுதலே ஆகும். துறத்தலுக்கு நம் ஆசாரியர்கள் வேறோர் இலக்கணம் வகுத்துள்ளனர்.

தொழிலைத் தந்தவரும் அவரே

ஆதிபகவன் தொழிலை இகழ்ந்தவர் அல்லர். கற்பகத் தருக்கள் வற்றி, மக்கள் பசியால் வாடி நாபி மன்னனிடம் முறையிட்ட காலத்து, வாழும் வழியைக் கற்பித்தவர் அவரே. அசி, மசி, கிருஷி, வித்தை, வாணிகம், சிற்பம் என்னும் ஆறு தொழில்களை அவர் வகுத்தார் என்று ஜினசேன ஆசாரியர் ஆதிபுராணத்தில் விரித்துரைக்கின்றார். வாளேந்திக் காத்தல், மையால் எழுதுதல், உழுதல், கலை பயிற்றல், விற்றல், கைவினை செய்தல் என்பன அவை. கணிப்பொறி முன் அமர்வோரும் எழுத்துத் தொழிலின் வழிவந்தோரே. ஆகவே, உழைத்து உண்பது நமக்கு இழுக்கன்று. அது பகவான் காட்டிய வழி.

அதே பகவான்தான் பின்னர் அனைத்தையும் துறந்தார். எப்போது துறந்தார்? நீலாஞ்சனை என்னும் நடனமாது அவையில் ஆடிக்கொண்டிருந்தபோதே ஆயுள் முடிந்து மறைந்தாள். அடுத்த நொடியிலேயே இந்திரன் அவளையொத்த வேறொருத்தியை அங்கே தோன்றச் செய்தான். அவையோர் ஒருவரும் வேறுபாட்டை அறியவில்லை. பகவான் மட்டும் அறிந்தார், நிலையாமையை உணர்ந்தார். அரசு சுமையாக இருந்ததால் அவர் விலகவில்லை. குடிமக்கள் மதிக்காததால் விலகவில்லை. பரதனுக்கும் பாகுபலிக்கும் ஏனைய மக்களுக்கும் நாட்டைப் பகிர்ந்தளித்து, ஒருவருக்கும் கடன்படாமல் விலகினார். வெறுப்பினால் விட்டவர் அல்லர் அவர், அறிவினால் விட்டவர்.

நாலாயிரவர் கதை

ஸ்ரீபுராணத்தைப் படிப்போர் இவ்விடத்தில் விரைந்து கடந்துவிடும் செய்தி ஒன்று உண்டு. பகவானோடு நாலாயிரம் அரசரும் அன்றே துறவு பூண்டனர். அவர்களுக்கு நிலையாமை புலப்படவில்லை. 'எம் தலைவர் விட்டார், நாங்களும் விட்டோம்' என்பதே அவர்கள் அறிந்தது. பகவான் ஆறு திங்கள் அசையாது நின்றார். இவர்களோ பசியும் நீர்வேட்கையும் பொறாது தளர்ந்தனர். ஊருக்குத் திரும்பப் பரதனை அஞ்சினர். காட்டிலே கனியையும் கிழங்கையும் பறித்துண்டனர், மரவுரி உடுத்தனர், தத்தம் மனம் போனவாறு புதுப்புது வேடம் புனைந்தனர்.

அவர்கள் அரசை விட்டனர், அதில் ஐயமில்லை. ஆனால் எதற்காக விட்டனர் என்பது அவர்களுக்கே தெரியாது. ஆதலின், விட்ட பின்னர் என்ன செய்வதென்றும் தெரியவில்லை. பிறர் விடுவதைக் கண்டு தாமும் விடுவோர் எக்காலத்தும் உளர். கைப்பேசியில் ஒருவர் வேலையைத் துறந்து மலையடிவாரத்தில் மகிழ்ந்திருப்பதைக் கண்டு, நாமும் விடுவோம் என்று எழுவோர் இக்கதையை ஒருமுறை நினைக்க வேண்டும்.

எட்டாவது நிலை

இனி இல்லறத்தார்க்குரிய விதியைக் காண்போம். சமந்தபத்திர ஆசாரியர் அருளிய இரத்தினகரண்டக சிராவகாசாரமும், அதனைத் தழுவித் தமிழில் எழுந்த அருங்கலச்செப்பும் சாவகர்க்குரிய பதினொரு நிலைகளைக் கூறுகின்றன. அவற்றுள் எட்டாவது நிலைக்கு ஆரம்பத் தியாகம் என்று பெயர். உயிர்க்கு ஊறு விளைய ஏதுவாகும் சேவை, உழவு, வாணிகம் முதலிய தொழில்களினின்றும் விலகுதலே அந்நிலை. ஆசாரியர் சேவையையும் சேர்த்தே கூறியிருப்பதைக் கவனிமின். பிறரிடம் ஊதியம் பெற்றுச் செய்யும் பணியும் ஒருநாள் விடத்தக்கதே என்பதை அப்பெரியார் அன்றே மொழிந்தார்.

ஆனால் அஃது எட்டாவது, முதலாவதன்று. அதன் முன் நிற்பவை எவை? நற்காட்சியில் ஊன்றுதல் முதல் நிலை. பன்னிரு விரதங்களைத் தாங்குதல் இரண்டாவது. நாள்தோறும் சாமாயிகம் புரிதல் மூன்றாவது. அட்டமி, சதுர்த்தசிகளில் உபவாசம் நான்காவது. உயிருள்ள பச்சைப் பொருள்களை உண்ணாமை ஐந்தாவது. இரவுண்ணாமை ஆறாவது. பிரமசரியம் ஏழாவது. இவ்வேழும் கைவந்த பின்னரே தொழிலை விடுமாறு கூறினர். அதற்கடுத்த ஒன்பதாவது நிலை உடைமையை விடுதல்.

இம்முறைவைப்பில் ஆழ்ந்த கருத்து உண்டு. ஆசை குறையாதவன் தொழிலை விட்டால், அவ்வாசையை நிறைவேற்றப் பிறர் உழைக்க வேண்டியிருக்கும். தந்தையின் ஓய்வூதியத்திலோ, மனைவியின் சம்பளத்திலோ அவன் வாழ்வான். அவனது சுமை இறங்கவில்லை, தோள் மாறியது. ஆசை குறைந்தவனுக்கோ தொழில் தானே குறையும். ஏழு படிகளும் ஆசையைக் குறைக்கும் படிகள்.

அப்படியாயின், ஏழாம் நிலையை எட்டாத நாம் எப்பணியையும் விடலாகாதா என்று வினவுவீர்கள். அவ்வாறன்று. தொழிலை அறவே துறப்பது வேறு. தீய தொழிலிலிருந்து விலகுவது வேறு. நம் நூலோர் இம்சையைச் சங்கற்ப இம்சை, ஆரம்ப இம்சை, உத்தியோக இம்சை, விரோத இம்சை என நான்காகப் பகுத்தனர். வேண்டுமென்றே செய்யும் சங்கற்ப இம்சையை இல்லறத்தான் முற்றிலும் விட வேண்டும். வாழ்தொழிலில் தவிர்க்கவியலாது நேரும் உத்தியோக இம்சையை இயன்றவரை குறைக்க வேண்டும். கரி சுடுதல், காட்டை அழித்தல், யானைத் தந்தம் விற்றல், நஞ்சு விற்றல், ஏரியை வற்றச் செய்தல் முதலிய பதினைந்து கடுந்தொழில்களை முன்னோர் விலக்கினர். ஒரு பணி கொலையையோ பொய்யையோ களவையோ நம் கையால் செய்விக்குமாயின், அதை விடுவதற்கு எட்டாம் நிலை வரை காத்திருக்க வேண்டா. முதல் நிலையில் நிற்பவனும் அதை இன்றே விடலாம், விடுதல் வேண்டும்.

அடியேன் செய்த பிழை

ஊருக்கு உபதேசிக்கும் முன் என் கதையைச் சொல்லிவிடுகிறேன். ஏறத்தாழ நாற்பது ஆண்டுகளுக்கு முன் ஒரு நெல் மண்டியில் கணக்கு எழுதிவந்தேன். எடையில் குறைத்து வாங்கி, ஏட்டில் வேறாக எழுதும் வழக்கம் அங்கே இருந்தது. எழுதச் சொன்னதை எழுதினேன். ஒருநாள் நான் செய்யாத பிழைக்காக முதலாளி நாலு பேர் நடுவில் என்னை ஏசினார். பெட்டிச் சாவியை மேசைமேல் வீசிவிட்டு வெளியேறினேன். கண்டவரிடமெல்லாம், "பொய்க்கணக்கு எழுத மனம் ஒப்பவில்லை; அறத்திற்காக விட்டேன்" என்று பெருமையாகச் சொன்னேன்.

என் இல்லாள் அதைக் கேட்டுக்கொண்டே இருந்தாள். ஒருநாள் சோறு பரிமாறும்போது, "நாலு வருடம் எழுதிய கை அன்றைக்கு மட்டும் எப்படிச் சுத்தமாயிற்று? உங்களை ஏசாமல் இருந்திருந்தால் இன்றைக்கும் எழுதிக்கொண்டுதானே இருப்பீர்கள்?" என்று மெல்லக் கேட்டாள்.

என்னால் விடை கூற இயலவில்லை. பொய்யாவணம் எழுதுதல் வாய்மை விரதத்திற்கு அதிசாரம். குறைத்தளத்தல் கள்ளாமை விரதத்திற்கு அதிசாரம். இவ்விரண்டும் என்னை அங்கிருந்து எழுப்பவில்லை. மானம் என்னும் கசாயம் எழுப்பிற்று. விட்ட செயல் நல்லதே. விடுவித்த காரணம் நல்லதன்று. ஆகையால் அடுத்த இடத்திலும் அதே சினத்தோடும் செருக்கோடும் பல ஆண்டுகள் உழன்றேன். கோபம், மானம், மாயை, லோபம் என்னும் நான்கனுள் எது என் கையைப் பிடித்து இழுக்கிறது என்று, விலகல் கடிதம் எழுதும் முன் ஒருவன் தன்னைத் தானே கேட்டுக்கொள்ள வேண்டும். ஒரு சாமாயிகத்திற்கு இரண்டு நாழிகை, அதாவது 48 நிமிடம். அவ்வளவு நேரம் அசையாது அமர்ந்து கேட்டால் உண்மை விடை வந்தே தீரும்.

ஆசைக்கு அளவிடுதல்

இனி, பணி சுமையாவது எதனால் என்பதைக் காண்போம். ஐந்தாம் அணுவிரதமாகிய மிகுபொருள் விரும்பாமைக்குச் சமந்தபத்திரர் மற்றொரு பெயரும் கூறினார். அது இச்சா பரிமாணம். அதாவது ஆசைக்கு அளவிடுதல். இவ்வளவு நிலம், இவ்வளவு பொன், இவ்வளவு தனம், இதற்கு மேல் எனக்கு வேண்டா என்று வரையறுத்துக் கொள்வது. வரையறை இல்லாதவனுக்கு எந்தச் சம்பளமும் போதாது. எவ்வளவு உழைத்தாலும் மாலை வாராது.

இவ்விரதத்தைக் குலைக்கும் அதிசாரங்கள் ஐந்தினை ஆசாரியர் எண்ணிச் சொல்கின்றார். வண்டி மாடு முதலியவற்றை அவற்றின் ஆற்றலுக்கு மேல் ஓட்டுதல், அளவுக்கு மேல் சேர்த்து வைத்தல், பிறர் செல்வத்தைக் கண்டு வியந்து ஏங்குதல், கடும்பற்று, அளவுக்கு மேல் பாரம் ஏற்றுதல். இவற்றுள் முதலாவதும் ஐந்தாவதும் நமக்குச் சொந்தமானவற்றைப் பற்றியன அல்ல. நம் ஆசைக்காக இன்னோர் உயிரை ஓட்டுவதும், அதன் முதுகில் ஏற்றுவதுமே அவை. கொல்லாமை விரதத்தின் அதிசாரங்களிலும் மிகுபாரம் ஏற்றுதல் இடம்பெற்றுள்ளது. ஆதலின் மிகுபாரம் என்பது ஒருபுறம் பேராசை, மறுபுறம் இம்சை.

நம் சமூகத்தில் ஆலை, கடை, நிறுவனம் நடத்துவோர் இதனை நெஞ்சில் நிறுத்துக. எறும்புக்கு அஞ்சி நிலம் நோக்கி நடக்கும் நாம், நம்மிடம் பணிபுரிவோரை இரவு பத்து மணிவரை நிறுத்தி வைப்போமாயின், நம் அகிம்சை எறும்போடு முடிந்துவிட்டது.

மண்டபத்தில் நிகழ்ந்தது

இப்பகுதியை அடுத்த ஞாயிறன்று அத்தந்தைக்கும் மகனுக்கும் படித்துக் காட்டினேன். மகனுக்காகவே படித்தேன். 'உன் ஆசையை அளந்து பார்' என்று அவரிடம் சொல்வதே என் எண்ணம். அவருடைய கணக்கை ஒரு தாளில் எழுதச் சொன்னேன். தமக்கென அவர் செலவழிப்பது சம்பளத்தில் நான்கில் ஒரு பங்கு கூட இல்லை. எஞ்சியதெல்லாம் இரண்டு கடன்களுக்குச் சென்றது. ஒன்று, குடியிருக்கும் வீட்டின் கடன். மற்றொன்று, புறவழிச்சாலையருகே வாங்கிய மனையின் கடன்.

தந்தை அத்தாளை நெடுநேரம் பார்த்துக்கொண்டிருந்தார். பின்பு, "அண்ணா, அந்த மனை யாருக்கும் தேவையில்லை. என் சகலை வாங்கினார் என்று நானும் வாங்கினேன். பிறர் செல்வத்தைக் கண்டு வியத்தல் என்று படித்தீர்களே, அது நான்தான். பாரம் ஏற்றியதும் நான்தான். இவன் மாடாக இழுத்தான்" என்றார். மகன் ஒன்றும் பேசாமல் தந்தையின் கையைப் பற்றிக்கொண்டார்.

மனை விற்கப்பட்டது. வாங்கிய விலையினும் சற்றுக் குறைவாகவே போயிற்று. மகன் உடனே வேலையை விடவில்லை. சில திங்கள் பொறுத்திருந்து, பகலில் மட்டும் பணியுள்ள வேறோர் இடத்தைத் தேடிக்கொண்டார். சம்பளம் முன்னதில் ஏறக்குறைய பாதி. இப்போது கதிரவன் மறையுமுன் உண்கிறார். சென்ற சதுர்த்தசியன்று உபவாசம் இருந்ததாக அவருடைய தாயார் சொன்னபோது, அவர் முகத்தில் கண்ட மகிழ்ச்சி மனையின் பத்திரத்தைக் காட்டிய நாளிலும் நான் கண்டதன்று. அம்மகன் எட்டாம் நிலையை எய்திவிடவில்லை. ஆறாம் நிலைக்குரிய இரவுண்ணாமையை, பாட்டி காத்த அந்நெறியை, மீட்டுக்கொண்டார். அதற்கு வழிவிட்டவர் தந்தை.

ஆகவே, அன்பர்களே! இல்லத்தில் ஒரு பிள்ளை, "வேலையை விடப் போகிறேன்" என்று சொல்லும்போது, உடனே சினந்து மறுக்காதீர். உடனே மகிழ்ந்து இசையவும் வேண்டா. மூன்று வினாக்களை அனைவரும் கூடியமர்ந்து கேளுங்கள். அத்தொழில் நம் விரதத்தைக் குலைக்கின்றதா? குலைக்குமாயின் விலகுக. நம்மை விலகத் தூண்டுவது கசாயமா? ஆயின், முதலில் அதனை அடக்குக. நம் குடும்பத்தில் எவருடைய அளவற்ற ஆசை அவர் முதுகில் ஏறியிருக்கிறது? அதனை இறக்குக.

மூன்றாவது வினாவைக் கேட்பவர் பெற்றோராகவே இருக்கட்டும். பிள்ளைகள் அதை நம்மிடம் கேட்க அஞ்சுவர்.

இச்சா பரிமாணம் எழுத ஓர் ஏடும் எழுதுகோலும் போதும். வரும் தசலட்சண பருவத்தில், ஆகிஞ்சன்ய தருமத்திற்குரிய நாளன்று, ஒவ்வோர் இல்லத்திலும் குடும்பத்தார் ஒருங்கமர்ந்து அதனை எழுதி, ஜினபகவான் திருமுன் வைத்து ஏற்பீர்களாக. ஆறு தொழில்களைத் தந்த ஆதிபகவன், அவற்றைத் தூய்மையாகச் செய்யும் வலிமையையும், உரிய காலத்தில் விடும் தெளிவையும் பெற நமக்கு வழிகாட்டி நிற்கின்றார்.

வாழ்க அருகன் திருவறம்! வளர்க உயிர் இரக்கம்!